கடுதாசியின் முதுகில் இரண்டு வரி

பலகையில் முப்பத்தி மூணு எரிந்துகொண்டிருந்தது. சிவப்பு எண். அவர்களுடையது நாற்பத்தியொண்ணு. நடுவில் எத்தனை என்று முத்துப்பேச்சி முந்தானைக்குள் விரலை மடக்கி எண்ணினாள், ஏழு வந்தது, மறுபடி எண்ணினாள், மறுபடியும் ஏழுதான், அவள் கொக்கி தைக்கிற ஒரு ஜாக்கெட்டுக்கு ஆறு கொக்கி, மேலே ஒண்ணு, ஒரு ஜாக்கெட்டை முடித்து மடித்து வைக்கிற நேரத்தில் கூப்பிட்டுவிடுவார்கள் என்று நினைத்துக்கொண்டாள். ஆனால் அப்படி ஓடுகிற எண்ணாக அது தெரியவில்லை. முப்பத்தி மூணுக்காரர்களின் வக்கீல் நெடுநேரமாக இங்கிலீஷில் பேசிக்கொண்டிருந்தார், அவருக்கு இருமல் வேறு, இருமி முடித்துவிட்டு விட்ட இடத்தைத் தேடி எடுக்கவே அவருக்குத் தனியாக நேரம் வேண்டியிருந்தது. மதுரை ஐகோர்ட்டுக்குள் இப்படிக் குளிரும் என்று யாரும் சொல்லியிருக்கவில்லை. கடைசி வரிசை நாற்காலியில் அவள் நுனியில்தான் உட்கார்ந்திருந்தாள், முழுதாக உட்கார்ந்தால் யாராவது எழுந்திரி என்று சொல்லிவிடுவார்கள் என்பதுபோல. பக்கத்தில் ஈசு, சங்கரேஸ்வரி, அவள் மகள், நன்றாகச் சாய்ந்துதான் உட்கார்ந்திருந்தாள், இந்தக் கட்டடமே தனக்குப் பழக்கம் என்கிற மாதிரி, பதினேழு வயசுப் பிள்ளைக்கு அந்த நிமிர்ந்த முதுகு எங்கிருந்து வந்ததோ, நம்ம பக்கத்தில் யாருக்கும் கிடையாது. முத்துப்பேச்சியின் மடியில் துணிப்பை, பைக்குள் ஃபைல், ஃபைலுக்குள் அந்தச் சனியன் பிடித்த காகிதம், சே, அப்படிச் சொல்லக் கூடாது, பிள்ளையின் காகிதம், பிளஸ் டூ முடித்துப் பள்ளிக்கூடத்தை விட்டு வரும்போது கொடுத்த மாற்றுச் சான்றிதழ், டி.சி. அதைப் பிளாஸ்டிக்குக்குள் வைத்து லேமினேட் பண்ணியிருக்கிறது என்பதற்காகத்தான் பல்கலைக்கழகத்தில் இடம் கிடையாது என்று திருப்பி அனுப்பினார்கள், அதற்காகத்தான் இந்தக் கேஸு, இந்தக் குளிர், இந்த முப்பத்தி மூணு. ஜட்ஜ் ஐயா கேட்கத்தான் போகிறார். இதை லேமினேட் பண்ணது யாரு? எழுந்து நிற்க வேண்டும். நான்தான்யா என்று சொல்ல வேண்டும். அருப்புக்கோட்டையில் பஸ் ஏறியதிலிருந்து அதைத்தான் சொல்லிப் பார்த்துக்கொண்டு வந்தாள், நான்தான்யா, காரியாபட்டி தாண்டியும் நான்தான்யா, சத்தமாக ஒரு தரமாவது வாயிலிருந்து வருமா என்று தெரியாமல், உதடு மட்டும் அசைய. "எம்மா, என்ன, சாமி கும்பிடுறியா?" என்று ஈசு கேட்டபோது ஆமாம் என்று தலையாட்டிவைத்தாள்.

முப்பத்தி நாலு வந்தது, வந்த வேகத்தில் போனது, முப்பத்தஞ்சு. ஒத்துக்கொள்வதில் அவளுக்கு ஒன்றுமில்லை, செய்தது அவள்தான், ஆனால் ஏன் செய்தாய் என்று அடுத்த கேள்வி வந்தால்? பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஜெராக்ஸ் கடை, மே மாத வெயில், உள்ளே அந்த மிஷின், ரெண்டு உருளைக்கு நடுவே காகிதம் போய் அந்தப் பக்கம் கண்ணாடி மாதிரி விறைப்பாக வெளியே வரும், சூடாக, சுட்ட பலூன் வாசனையோடு. மார்க்கு ஷீட்டின் ஜெராக்ஸ், ஆதார் கார்டு, ரேஷன் கார்டு, எல்லாவற்றையும் போட்டாள், கடைசியாக டி.சி.யை நீட்டினபோது கடைக்காரர் கையில் வாங்கிப் பார்த்தார். "டி.சி.யவுமாம்மா?" என்றார். அவ்வளவுதான் கேட்டார். ஏன் கேட்கிறீர்கள், போடக் கூடாதா, என்று திருப்பிக் கேட்டிருந்தால் இந்த நாற்காலியில் இப்போது வேறு யாரோ உட்கார்ந்திருப்பார்கள். அவளுக்கு வேற்று ஆம்பளையிடம் திருப்பிக் கேட்கிற வழக்கம் கிடையாது. தலையை ஆட்டினாள். மிஷின் இழுத்துக்கொண்டது. அந்தக் கேள்வி மட்டும் இன்றைக்கும் காதுக்குள் அப்படியே நிற்கிறது, டி.சி.யவுமாம்மா, டி.சி.யவுமாம்மா, ராட்டினம் மாதிரி. ஆனால் அன்றைக்கு வீட்டுக்கு எப்படி வந்தாள்? ராணி மாதிரி வந்தாள். மேலே தண்ணீர் கொட்டட்டும், கரையான் வரட்டும், பூச்சி வரட்டும், பிள்ளையின் பெயரை ஒன்றும் தொட முடியாது. டெய்லர் வனஜாக்காவிடம் காட்டினாள், அந்தக்கா வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்து, "அடேயப்பா, கல்யாணப் பத்திரிகைகூட இப்படிப் பளபளங்காதுத்தா" என்றது. ஜட்ஜ் ஐயா ஏன் என்று கேட்டால் அஞ்சாம் வகுப்பைச் சொல்ல வேண்டிவரும். அவள் அஞ்சு பாஸ் பண்ணின வருஷம் கூரை ஒழுகிற்று, தகரப் பெட்டிக்குள் வைத்திருந்த அவள் டி.சி. ஊறிப்போய், மை எல்லாம் இறங்கி, நீலத் தண்ணீராகக் கிடந்தது, எழுத்து என்று ஒன்று இல்லை. பெரிய பள்ளிக்கூடத்தில் டி.சி. இல்லாமல் ஆறாவது சேர்க்க முடியாது, போய் வேற வாங்கிட்டு வாங்க என்றார்கள். அவளுடைய அப்பா நாளைக்குப் போறேன், திங்கக்கிழமை போறேன் என்றார். அதற்குள் பிள்ளைகளை வேலைக்கு ஏற்றிப்போகிற தீப்பெட்டி ஆபீஸ் வேன் வாசலில் வந்து நின்றது, அவளும் ஏறிக்கொண்டாள். இதை எப்படி இங்கிலீஷில் சொல்வது, யார் சொல்வது, ஒரு ஜட்ஜ் இதைக் கேட்டுக்கொண்டா உட்கார்ந்திருப்பார். வேண்டாம். நான்தான்யா, அது போதும், அதற்கு மேல் கேட்டால் அழுகை வந்துவிடும், அழக் கூடாது, அழுதால் பிள்ளைக்குக் கேவலம்.

முன்வரிசையில் ஜெசிந்தா மேடம் உட்கார்ந்திருக்கிற முதுகு தெரிந்தது. இலவச சட்ட உதவியில் கொடுத்த வக்கீல், முப்பது வயசுகூட இருக்காது, காலையில் படியில் நின்று வேர்க்கடலை தின்றுகொண்டே ஃபைலைப் புரட்டினார். அவருடைய கறுப்புக் கவுனின் தோள்பட்டைக்குக் கீழே மடிப்புத் தையல் ஒரு சாண் நீளத்துக்குப் பிரிந்து தொங்கியது. முத்துப்பேச்சியின் விரல் பரபரத்தது, நாலு தையல் போட்டால் நின்றுவிடும், ஆனால் ஊசியை வாசலிலேயே பெண் போலீஸ் வாங்கி வைத்துக்கொண்டது, "போகும்போது கேட்டு வாங்கிக்கங்கம்மா, கோர்ட்டுக்குள்ள யாருக்குக் கொக்கி தைக்கப் போறீங்க?" என்று சிரித்தது. யாராவது அந்தக் கவுனைப் பார்த்து இவுக பெரிய வக்கீல் இல்லை என்று நினைத்துவிடுவார்களோ. எதிர்க்கட்சி வக்கீலின் கவுன் புதுசு, இஸ்திரி மடிப்பு அப்படியே நிற்கிறது. அவர் பல்கலைக்கழகத்துக்கு. பல்கலைக்கழகம் எவ்வளவு பெரியது என்று அவளுக்குத் தெரியும், ஜூலை மாதம் அதன் வாசலிலிருந்து கவுன்சலிங் ஹாலுக்கு நடந்தே கால் ஓய்ந்துபோயிற்று, ரெண்டு பக்கமும் மரம், நடுவில் ரோடு, எவ்வளவு நடந்தாலும் கட்டடம் அங்கேயே இருந்தது. ஈசு அன்றைக்கு முன்னால் நடந்தாள். நிலவியல், அஞ்சு வருஷப் படிப்பு, கல்லையும் மண்ணையும் படிக்கிறது. தெருவில் சிரித்தார்கள். "கல்லப் படிக்கவா காலேசு? எங்க கொல்லையில வண்டி வண்டியாக் கெடக்கு, வந்து படிச்சிட்டுப் போகச் சொல்லு" என்று பக்கத்து வீட்டுக்காரி சொன்னதற்கு ஈசு, "படிச்சிட்டுத்தான் சித்தி இருக்கேன், உங்க கொல்லையில கிடக்கிறது சுண்ணாம்புக்கல்லு, கோடிக்கணக்கான வருஷத்துக்கு முந்தி அங்க கடலு கிடந்திருக்கு" என்றாள். அந்தப் பொம்பளை அன்றைக்குச் சாயங்காலம் கொல்லைப் பக்கம் போய் நின்று கொஞ்ச நேரம் தரையைப் பார்த்துக்கொண்டிருந்ததை முத்துப்பேச்சி பார்த்தாள். யாரிடமும் சொல்லவில்லை. கொக்கி தைக்கும்போது நினைத்து நினைத்துத் தனியாகச் சிரித்தாள்.

முப்பத்தாறு. நாலாயிரம் பேர் எழுதிய நுழைவுத் தேர்வில் எழுபத்தியிரண்டாவதாக வந்த பிள்ளை. கவுன்சலிங்குக்குக் கூப்பிட்டுக் கடுதாசி வந்தது, தபால்காரர் பெயரை முழுசாகச் சத்தமாகப் படித்தார், சங்கரேஸ்வரி, தகப்பனார் பால்ச்சாமி, தெருவே கேட்டது. ஹாலில் ஏழு மேஜை, ஏழு வரிசை, அவர்களுக்கு நாலாவது. மின்விசிறி காற்று மேஜைக்காரருக்கு மட்டும் வந்தது. அவரும் மனுஷன்தான், காலையிலிருந்து எத்தனை பிள்ளைகள், எத்தனை காகிதம், கண்ணெல்லாம் சிவந்துபோய் இருந்தது. டி.சி.யை எடுத்தார், நகத்தால் பிளாஸ்டிக்கைச் சுண்டினார், டக் டக் என்று சத்தம் வந்தது, அந்தச் சத்தம் இருக்கிறதே. "இத யாரு லேமினேட் பண்ணச் சொன்னது? சீல் எதுமேல வைக்கிறது, உங்க பிளாஸ்டிக் மேலயா? செல்லாது. தள்ளுங்க, அடுத்தது." ஈசு பேசினாள். நல்லாப் பேசினாள், சார், எழுத்து எல்லாம் தெரியுதே சார், பள்ளிக்கூடத்துக்கு போன் போட்டுக் கேளுங்க சார், வேற வாங்கிட்டு வர ரெண்டு நாள் டைம் குடுங்க சார். அவர் அதற்குள் அடுத்த பிள்ளையின் ஃபைலைத் திறந்துவிட்டார். அப்போதுதான் முத்துப்பேச்சி அதைச் சொன்னாள். தைரியத்தில் சொன்னதில்லை, பழக்கத்தில் சொன்னது. எந்த ஆபீஸுக்குப் போனாலும் அவள் அதைத்தான் சொல்வாள், மருந்துக் கடையில், கரண்டு ஆபீஸில், ஆஸ்பத்திரியில், தாலுகா ஆபீஸில், எழுதிக் குடுங்க. அவர்கள் சொல்கிறதைக் கேட்டுக்கொண்டு வந்து வீட்டில் அதே மாதிரி சொல்ல அவளுக்கு வராது, வாய் குழறும், பாதி விட்டுப்போகும், அவுக, அவள் வீட்டுக்காரர், "இதுக்குத்தான் உன்னைய அனுப்புனேனா?" என்பார், அதனால் ஒரு துண்டுச் சீட்டு கேட்டு வாங்கிவந்து ஈசுவிடம் நீட்டிவிடுவாள், பிள்ளை படித்துச் சொல்லிவிடும். ஒண்ணாம் வகுப்புப் படிக்கும்போதே எழுத்துக் கூட்டிக் கூட்டிப் படித்துச் சொன்ன பிள்ளை. அன்றைக்கும் அப்படித்தான், பிள்ளை பக்கத்தில் நிற்கிறதே என்பதுகூட உறைக்காமல், தலையைக் குனிந்துகொண்டே, "எழுதிக் குடுங்க சார், அவுகட்ட காட்டணும்" என்றாள். மேஜைக்காரர் நிமிர்ந்து பார்த்தார். சிரிக்கவா திட்டவா என்று ஒரு நொடி யோசித்த மாதிரி இருந்தது. பிறகு கவுன்சலிங்குக்குக் கூப்பிட்ட அந்தக் கடுதாசியையே வாங்கித் திருப்பிப் போட்டு, பச்சை மைப் பேனாவால் சரசரவென்று ரெண்டு வரி எழுதி, கீழே சுழித்து, நேரமும் போட்டு, "இந்தாங்க, வீட்டுல காட்டுங்க, நல்லாக் காட்டுங்க" என்று தள்ளினார்.

முப்பத்தியேழு. அவுகளிடம் காட்டவே இல்லை. அவர் அப்போது லாரியோடு நாக்பூர் பக்கம் இருந்தார், போனில் ஈசுதான் சொன்னாள், சொல்லி முடிக்கும் முன்னாலேயே அங்கிருந்து கேட்டது, "உங்காத்தாட்டக் குடு." முத்துப்பேச்சி போனை வாங்கிக் காதில் வைத்துக்கொண்டு ஒன்றும் பேசவில்லை. "பன்னெண்டு வருசம் பிள்ள படிச்சத பத்து நிமிசத்துல இஸ்திரி போட்டு முடிச்சிட்டியே, கெட்டிக்காரிடி நீ." அவர் கோபக்காரர் இல்லை, அன்றைக்கு அழுதிருப்பார், லாரிச் சத்தத்தில் தெரியவில்லை. பள்ளிக்கூடத்தில் ஹெச்.எம். டீச்சர், "தொலைஞ்சுபோனாத்தாம்மா டூப்ளிகேட் டி.சி. குடுக்க முடியும், இது தொலையலையே, கையில பத்திரமால்ல வச்சிருக்கீங்க" என்றார்கள். தொலைத்தவளுக்குத் தருவார்களாம், காப்பாற்றினவளுக்குக் கிடையாதாம். வீட்டுக்கு வந்து, பிள்ளை தண்ணீர் பிடிக்கப் போன நேரமாகப் பார்த்து, பிளேடை எடுத்து ஒரு மூலையைக் கீறிப் பார்த்தாள். பிளாஸ்டிக் வந்தது, அதோடு காகிதத்தின் தோலும் வந்தது, அரை விரல் அகலத்துக்கு வெள்ளையாக. கை அப்படியே நின்றுவிட்டது. நல்லவேளை அங்கே எழுத்து இல்லை, ஓரக் கோடு மட்டும்தான். அதை ஈசுவிடம் சொல்லவில்லை, ஜெசிந்தா மேடத்திடமும் சொல்லவில்லை. ஜட்ஜ் ஐயா கையில் வாங்கினால் முதலில் அந்த மூலைதான் கண்ணில் படும், அவர்கள் கண் எல்லாம் அதற்குத்தானே இருக்கிறது, இது என்ன, திருத்தப் பார்த்தீங்களா, என்று கேட்டுவிட்டால், பிளாஸ்டிக் போட்ட குத்தம் போய்க் கள்ளக் கையெழுத்துப் போட்ட குத்தம் ஆகிவிடுமோ, அதற்கும் நான்தான்யா, எல்லாவற்றுக்கும் நான்தான்யா. ஃபைலின் மேல் அந்த மூலை எங்கே இருக்கிறதோ அங்கே கட்டை விரலை வைத்து அழுத்திக்கொண்டாள்.

முப்பத்தியெட்டு, அந்தக் கட்சிக்காரர்கள் வரவில்லையாம், தள்ளி வைத்தார்கள். போன வாரம் ஜெசிந்தா மேடம் ஆபீஸில் பல்கலைக்கழகத்தின் பதில் வந்திருந்தது, பதினாலு பக்கம், மேடம் படித்துத் தமிழில் சொன்னார். மாணவி அன்றைக்கு அசல் டி.சி.யைக் காட்டவே இல்லை, வெறும் ஜெராக்ஸைத்தான் கொண்டுவந்தார், ஆகையால் இடம் கோர உரிமை இல்லை. ஈசு எழுந்து நின்றுவிட்டாள். "பொய் மேடம். கையில வாங்கிச் சுண்டிப் பார்த்தாரு மேடம்!" மேடம் பொறுமையாகத்தான் சொன்னார், "நான் நம்புறேன்டா, கோர்ட்டு நம்பணும்ல. சீட்டு குடுக்கிறது அவங்க போடுற தர்மம் இல்ல, ரேங்க் எடுத்த பிள்ளைக்கு அது உரிமை. இல்லைன்னு சொன்னா ஏன் இல்லைன்னு காரணம் சொல்லணும், சரி பண்ணிட்டு வர்றதுக்கு அவகாசம் குடுக்கணும். அவங்க அச்சடிச்சுக் குடுத்த புத்தகத்துல இல்லாத விதிய மேஜையில உட்கார்ந்துக்கிட்டுப் புதுசா உண்டாக்க முடியாது. இதெல்லாம் நம்ம பக்கம் இருக்கு. ஆனா டி.சி.யவே பாக்கலைன்னு சாதிச்சா? பாத்தாருன்னு சொல்ல நம்மட்ட என்ன இருக்கு?" முத்துப்பேச்சிக்கு அப்போதுதான் விளங்கிற்று, இவர்களுக்குத் தெரியாது. கேஸுக் கட்டில் அந்தக் கடுதாசியின் ஜெராக்ஸ் இருந்தது, முன்பக்கம் மட்டும். ஜெராக்ஸ் கடைக்காரர் முன்பக்கம்தான் எடுப்பார், பின்பக்கமும் என்று சொன்னால்தான் எடுப்பார், அவள் சொல்லவில்லை. ஈசு அதைத் திரும்பிப் பார்க்கவில்லை, அந்தக் கடுதாசியைப் பார்த்தாலே பிள்ளைக்கு வெறுப்பாக இருந்தது, அம்மா என்னத்தையோ எழுதி வாங்கிக்கொண்டு நின்றாள் என்பதே பிள்ளைக்கு அன்றைக்கு வெட்கமாகத்தான் இருந்திருக்கும். படித்தவர்கள், எல்லாம் பார்த்திருப்பார்கள், நாம் என்ன புதுசாகச் சொல்ல இருக்கிறது என்று இவளும் இத்தனை நாள் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கிறாள். பையைத் திறந்தாள், கடுதாசியை எடுத்தாள், குப்புற மேஜைமேல் வைத்தாள். "பின்னாடி மேடம்" என்றாள். அந்த ரெண்டு சொல்தான். ஜெசிந்தா மேடம் பச்சை மையைப் பார்த்தார், படித்தார், இன்னொரு தரம் சத்தமாகப் படித்தார், அசல் மாற்றுச் சான்றிதழ் லேமினேட் செய்யப்பட்டுள்ளதால் ஏற்கப்படவில்லை, பதினொன்று நாற்பது. வேர்க்கடலைப் பொட்டலத்தை ஓரமாகத் தள்ளி வைத்தார். "எம்மா," என்று ஈசு சொன்னாள், அது கூப்பிட்ட குரல் இல்லை, வேறு ஒரு குரல், பிள்ளை பிறந்ததிலிருந்து அந்தக் குரலில் அவளை அழைத்ததில்லை. அதைத்தான் இந்த ஒரு வாரமாக முத்துப்பேச்சி யாருக்கும் தெரியாமல் எடுத்து எடுத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள், கொக்கி தைக்கும்போது, உலை வைக்கும்போது, எம்மா, எம்மா.

நாற்பது. நாற்பது எப்போது வந்தது? முப்பத்தொன்பது எங்கே போனது? கால் குளிர்ந்துவிட்டது, ஃபைலின் மேல் கட்டைவிரல் மரத்துப்போயிருந்தது. கேஸுக் கட்டின் முதல் பக்கத்தில் அவள் பெயர் அச்சில் இருக்கிறது, ஈசுவுக்குப் பதினெட்டு முடிய இன்னும் மூணு மாதம் இருப்பதால் தாயும் காப்பாளருமான முத்துப்பேச்சி மூலமாக என்று, அதற்குக் கீழே எதிராக என்று ஒரு வார்த்தை, அதற்கும் கீழே பல்கலைக்கழகம். அந்த மரம், அந்த ரோடு, அந்த ஏழு மேஜை, எல்லாம் கீழே, அவள் பெயர் மேலே. ஈசு படித்துக் காட்டினபோது, "எதுக்கு என் பேர மேல போட்டாக, தப்பா நினைச்சுக்கப் போறாக" என்றாள், ஆனால் ஒரு தரம் விரலால் தடவிப் பார்த்தாள், மை ஒட்டவில்லை. முதல் வாய்தாவிலேயே ஜட்ஜ் ஐயா ஒரு இடத்தைக் காலியாக வைத்திருக்கச் சொல்லிவிட்டார், இந்த நிமிஷம்கூட அந்த வகுப்பில் ஒரு நாற்காலி சும்மா இருக்கிறது, பிள்ளைகள் அதன்மேல் பையை வைத்திருப்பார்கள். நாற்பத்தியொண்ணு. கூப்பிட்ட குரல் அவள் காதில் விழவில்லை, ஈசு முழங்கையைப் பிடித்ததுதான் தெரிந்தது. ஜெசிந்தா மேடம் எழுந்து போய் நின்றார், பிரிந்த தையல் ஆடியது. புதுக் கவுன்காரர் முதலில் பேசினார், ஈசு காதோரம் சொல்லிக்கொண்டே வந்தாள், "ஜெராக்ஸ்தான் குடுத்தோம்ங்காரும்மா... ரூல்ஸ் எல்லாருக்கும் ஒண்ணுதான்ங்காரு..." பிறகு மேடம். மேடம் கத்தவில்லை, ஒரு காகிதத்தை நீட்டினார், அது கை மாறி மேலே போயிற்று. ஜட்ஜ் ஐயா முன்பக்கம் பார்த்தார். திருப்பினார். கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டார். அதைப் புதுக் கவுன்காரரிடம் கொடுக்கச் சொன்னார், அவர் குனிந்து பார்த்தார், கொஞ்சம் அதிக நேரமாகவே பார்த்தார். "கையெழுத்து உங்க ஆபீஸர்துதானே?" இது தமிழ். ஜட்ஜ் ஐயா தமிழில் பேசுகிறார். புதுக் கவுன்காரர் என்னவோ சொன்னார். "விசாரிச்சுச் சொல்ல ஒரு வாரம் டைம் கேக்காரும்மா" என்றாள் ஈசு. ஜட்ஜ் ஐயா சிரிக்கவில்லை. "அந்தப் பிள்ளைக்கு அன்னிக்கு நீங்க எவ்வளவு டைம் குடுத்தீங்க?" என்று கேட்டார். இருமல் வக்கீல்கூட அந்த நேரம் இருமவில்லை. பிறகு டி.சி.யைக் கேட்டார்கள். ஃபைலிலிருந்து கட்டைவிரலை எடுக்க வேண்டியிருந்தது. ஈசு உருவிக்கொண்டு போய்க் கொடுத்தாள், ஜட்ஜ் ஐயா அதை விளக்குப் பக்கமாகச் சாய்த்துப் பார்த்தார், மூலையும் வெளிச்சத்தில் சாய்ந்தது, வெள்ளையாக, தெரிந்திருக்கும், கட்டாயம் தெரிந்திருக்கும். அவர் ஒன்றும் சொல்லாமல் அதைக் கீழே வைத்தார். கடுதாசியைத் திரும்பவும் கையில் எடுத்தார். ஹாலைப் பார்த்தார். "யாரு இது?" என்று ஆரம்பித்தார், அவ்வளவுதான், முத்துப்பேச்சி எழுந்துவிட்டாள், முழங்கால் தானாக எழுந்தது, காரியாபட்டி தாண்டி வந்த வார்த்தை தொண்டைக்கு வந்து நின்றது, ஆனால் அவர் இன்னும் முடிக்கவில்லை, கடுதாசியின் முதுகைத் தூக்கிக் காட்டிக் கேட்டார், "யாரு இது, இந்த ஆபீஸர எழுத வச்சு வாங்கினது?" அவள் சொல்லிப் பார்த்து வைத்திருந்தது ஒரே ஒரு வார்த்தைதான். வேறு வார்த்தை அவளிடம் இல்லை. வேறு வேண்டியும் இருக்கவில்லை.

"நான்தான்யா."

சத்தமாகத்தான் வந்தது, அவள் நினைத்ததைவிடச் சத்தமாக, முன்வரிசையில் எல்லாரும் திரும்பினார்கள், ஜெசிந்தா மேடமும் திரும்பினார், அத்தனை கறுப்புக் கவுனும் திரும்பி அருப்புக்கோட்டையில் கொக்கி தைக்கிற ஒருத்தியைப் பார்த்தன. ஜட்ஜ் ஐயா அவளை ஒரு நிமிஷம் பார்த்தார். "நல்ல காரியம் பண்ணீங்கம்மா. உட்காருங்க." உட்கார்ந்தாள். நாற்காலியில் முழுதாக, முதுகு சாய உட்கார்ந்தாள், யாரும் எழுந்திரி என்று சொல்லவில்லை. அப்புறம் அவர் இங்கிலீஷில் நிறுத்தி நிறுத்திச் சொல்லிக்கொண்டே போக, கீழே ஒருவர் எழுதிக்கொண்டே வந்தார், முத்துப்பேச்சிக்கு அதில் ஒரு வார்த்தையும் விளங்கவில்லை, ஆனால் ஈசுவின் விரல்கள் அவள் கையை இறுக்க இறுக்க ஒவ்வொரு வரியும் என்ன என்று தெரிந்தது. பலகையில் நாற்பத்தியிரண்டு விழுந்தது. வெளியே வராந்தாவில் வெயில் அடுப்பு மாதிரி வந்து மேலே விழுந்தது, நன்றாக இருந்தது. "ஒரு வாரத்துக்குள்ள சேர்க்கச் சொல்லிட்டாரும்மா," என்றார் ஜெசிந்தா மேடம், மூச்சு வாங்க. "காலியா வச்சிருக்கிற அந்த இடத்துல. டி.சி. செல்லும், சந்தேகம்னா ஸ்கூல்ல கேட்டுக்கங்கன்னுட்டாரு." முத்துப்பேச்சி தலையாட்டினாள். பிறகு கேட்டாள், "ஐயா சொன்னத எழுதிக் குடுப்பாங்களா மேடம்?" மேடம் சிரித்தார். "குடுப்பாங்க, சீல் வச்சுக் குடுப்பாங்க." "எம்மா, அத லேமினேட் பண்ணிராத," என்றாள் ஈசு, கண்ணைத் துடைத்துக்கொண்டே. மூணு பேரும் சிரித்தார்கள், போகிறவர்கள் பார்க்கிற அளவுக்கு. வாசலில் ஊசியைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். "கவுனக் கழட்டிக் குடுங்க மேடம், அஞ்சு நிமிசம்" என்று சொன்னது தான்தானா என்று அவளுக்கே சந்தேகமாக இருந்தது. புங்கமரத்து நிழலில் உட்கார்ந்து மூணாவது தையல் போடும்போது போன் அடித்தது. அவுக. லாரிச் சத்தம். "என்னாச்சு? பிள்ளைட்டக் குடு." ஈசு வழக்கம்போலக் கையை நீட்டினாள். முத்துப்பேச்சி ஊசியைத் துணியில் குத்தி நிறுத்தினாள், போனைத் தோளுக்கும் காதுக்கும் நடுவில் இடுக்கிக்கொண்டாள், நீட்டின கையில் போனைக் கொடுக்கவில்லை.

"இருங்க," என்றாள். "நானே சொல்றேன். வண்டிய ஓரமாப் போடுங்க. உள்ள போகையில பலகையில முப்பத்தி மூணு எரிஞ்சிக்கிட்டு இருந்துச்சு, அங்க இருந்து சொல்றேன், கேளுங்க."